ஆற்றங்கரை நிலத்தில் சுவர்: பத்திரம் இருந்தும் உரிமை போய்விடுமா?

எண்ணூர் பக்கத்திலிருந்து ஒரு வாசகர் நீளமாக எழுதியிருக்கிறார். பெயர், சர்வே எண், ஊர்ப் பெயர் எல்லாவற்றையும் நீக்கிவிட்டுச் சுருக்கமாகச் சொல்கிறேன்.

கொசஸ்தலை ஆற்றங்கரையில் அவர் குடும்பத்துக்கு 22 சென்ட் நிலம். 1989ல் அப்பா கிரையம் வாங்கியது. ஃபைபர் படகு பழுது பார்க்கும் கொட்டகை போட்டுப் பிழைத்தார்கள். ஆற்றிலிருந்து படகை நேராகக் கொட்டகைக்கு ஏற்றலாம், அதுதான் அந்த இடத்தின் மதிப்பே. பக்கத்து நிலத்தில் ஒரு தனியார் கம்பெனி சரக்குக் கிடங்கு கட்ட வந்தது. 2014 செப்டம்பரில், "வேலை முடிகிற வரைக்கும் கம்பி, ஜல்லி வைத்துக்கொள்கிறோம்" என்று கேட்டு, ஆற்றோரம் இருக்கும் 5 சென்ட்டை எடுத்துக்கொண்டது. சாமான் திருட்டுப் போகக் கூடாதென்று கம்பி வேலியும் போட்டது. அப்பா வாய்வார்த்தையாகச் சம்மதித்தார். மாதம் 2,000 ரூபாய் அவர் வங்கிக் கணக்கில் விழுந்தது. 2016 மார்ச்சோடு பணம் நின்றது, வேலி நிற்கவில்லை. 2017ல் வேலி இருந்த இடத்தில் ஆளுயரச் சுவர் எழும்பியது. அப்பா தாசில்தாரிடம் மனு கொடுத்தார். 2018ல் காலமானார்.

அதற்கப்புறம் மகன் தாசில்தார், ஆட்சியர், முதல்வர் தனிப்பிரிவு என்று மனு மேல் மனு போட்டிருக்கிறார். கம்பெனி மேனேஜர் ஒவ்வொரு தடவையும் "கேஸுக்கெல்லாம் போகாதீங்க, பேசி முடிச்சுக்கலாம்" என்கிறார். போன மழைக்காலத்தில் சுவருக்கு வெளியே ஆற்றுக்குள்ளும் லாரியில் கிராவல் கொண்டுவந்து கொட்டியிருக்கிறார்கள். அண்ணன் குவைத்தில் வேலை பார்க்கிறார். அப்பா இறந்தபோது தங்கைக்கு 16 வயது. "பத்திரம், பட்டா, வரி ரசீது எல்லாம் எங்கள் பெயரில் இருக்கிறது. அப்படியிருக்க எத்தனை வருடம் ஆனாலும் நிலம் எங்களுடையதுதானே? அப்பா அவர்களை உள்ளே விட்டதை மட்டும் கோர்ட்டில் சொல்லாமல் மறைத்துவிடலாமா?" என்பது அவர் கேள்வி.

உங்கள் கடிதத்தைப் படித்ததும் எனக்குக் கவலை வந்தது கம்பெனியின் பலத்தைப் பார்த்து அல்ல, 2014 செப்டம்பர் என்ற தேதியைப் பார்த்து. அந்தத் தேதியிலிருந்து பன்னிரண்டு வருடம் 2026 செப்டம்பரில் முடிகிறது. அதனால் முதலிலேயே சொல்லிவிடுகிறேன்: இந்தப் பதிலைப் படித்து முடித்ததும் அடுத்த மனு எழுத உட்காராதீர்கள். உங்கள் பகுதி உரிமையியல் நீதிமன்றத்தில் வழக்கு நடத்தும் வழக்கறிஞர் ஒருவரை இந்த வாரமே பாருங்கள். மற்றதை விளக்கமாகச் சொல்கிறேன்.

பத்திரம் இருந்தால் போதாதா?

கடன் விஷயத்தில், காலம் கடந்துவிட்டால் வழக்குப் போட முடியாதே தவிர, கடன் கடனாகவே இருக்கும். நிலத்தின் சுவாதீனம், அதாவது நிலத்தைக் கைவசம் வைத்திருப்பது, அப்படி அல்ல. காலவரையறைச் சட்டம் 1963, பிரிவு 27 என்ன சொல்கிறதென்றால், சுவாதீனத்தை மீட்க வழக்குப் போடும் கெடு முடிந்துவிட்டால், அந்தச் சொத்தின் மீதான உரிமையே அழிந்துபோகிறது. வழக்குப் போடும் வழி மட்டும் அடைபடுவதில்லை, உரிமையும் சேர்ந்து போய்விடுகிறது. உங்கள் பத்திரம் பீரோவில் பத்திரமாக இருக்கும், பதிவு அலுவலகத்து வில்லங்கச் சான்றில் அப்பா பெயரே இருக்கும், ஆனால் அந்த 5 சென்ட்டைக் கேட்கும் உரிமை உங்களிடம் இருக்காது.

அந்தக் கெடு எவ்வளவு? பத்திர உரிமையை வைத்துச் சுவாதீனம் கேட்கும் வழக்குக்கு அதே சட்டத்தின் அட்டவணையில் 65வது இனம் பொருந்தும். எதிராளியின் அனுபவம் உங்களுக்கு எதிரிடையாக (உங்கள் உரிமையை மறுப்பதாக) மாறிய நாளிலிருந்து 12 ஆண்டுகள். எதிராளி காலக்கெடு பற்றி வாயே திறக்காவிட்டாலும் நீதிமன்றம் தானாகவே பார்த்து வழக்கைத் தள்ள வேண்டும் என்கிறது பிரிவு 3. மேல்முறையீடு தாமதமானால் மன்னிப்புக் கேட்கலாம். முதல் வழக்கே தாமதமானால் அந்த மன்னிப்பு கிடையாது. 'நியாயமான காரணம் சொன்னால் ஜட்ஜ் ஏற்றுக்கொள்வார்' என்று உங்கள் மாமா சொன்னதாக எழுதியிருக்கிறீர்களே, அது மேல்முறையீட்டுக்குப் பொருந்தும் விஷயம், உங்கள் வழக்குக்கு அல்ல.

பட்டாவைப் பற்றியும் ஒரு வார்த்தை. பட்டா வருவாய்த் துறை ஆவணம். உரிமைக்குத் துணைச் சான்றாகும், உரிமையையே தராது. வரி ரசீதும் அப்படித்தான். ஆனால் இப்போது இணையத்தில் உங்கள் பட்டாவையும் புல வரைபடத்தையும் எடுத்துப் பாருங்கள். அந்த 5 சென்ட் தனி உட்பிரிவாகி வேறு பெயருக்குப் போயிருந்தால், கோட்டாட்சியரிடம் மேல்முறையீடு செய்ய வேண்டியிருக்கும். கம்பெனி அந்த இடத்தையும் சேர்த்து யாருக்காவது எழுதிக் கொடுத்திருக்கிறதா என்று வில்லங்கச் சான்றும் போட்டுப் பாருங்கள். வழக்குத் தாக்கலான பிறகு விற்றால், வாங்குகிறவரையும் தீர்ப்புக் கட்டுப்படுத்தும். அதற்கு முன்பே விற்றுவிட்டால், வாங்கியவரையும் எதிர்வாதியாகச் சேர்த்து வழக்குப் போட வேண்டியிருக்கும்.

இன்னொரு மாற்றத்தையும் தெரிந்துகொள்ளுங்கள். எதிரிடை அனுபவம் என்பது பிரதிவாதி தற்காத்துக்கொள்ளும் வாதம் மட்டுமே என்று ஒரு காலத்தில் சொல்லி வந்தார்கள். 2019ல் உச்ச நீதிமன்றம் ரவீந்தர் கவுர் கிரேவால் வழக்கில், அப்படி உரிமை முற்றிப்போனவர் தானே வாதியாக வந்தும் கேட்கலாம் என்று சொல்லிவிட்டது. அதாவது, பன்னிரண்டு வருடம் தாண்டிவிட்டால் கம்பெனியே வழக்குப் போட்டு 'இடம் எங்களுடையது' என்று கேட்க முடியும். அதனால் ஒரு கேவியட் மனுவும் தாக்கல் செய்துவையுங்கள். அது 90 நாள் செல்லும். உங்களுக்குத் தெரியாமல் அவர்கள் இடைக்காலத் தடையுத்தரவு வாங்கிவிடாமல் இருக்க உதவும்.

மனு கொடுத்தது வீணா?

வீண் இல்லை. ஆனால் நீங்கள் நினைக்கிற வேலையை அது செய்யவில்லை. தாசில்தாருக்குக் கொடுத்த மனு, ஆட்சியரின் குறைதீர் நாளில் வாங்கிய ரசீது, முதல்வர் தனிப்பிரிவின் பதில் எண், வக்கீல் நோட்டீஸ், இவை எதுவுமே காலத்தை நிறுத்தாது. நீதிமன்றத்தில் பிராது (வழக்கு மனு) தாக்கலாகும் நாளில்தான் அது நிற்கும். ஐந்தாறு வருடம் மனு எழுதியே காலத்தைக் கழித்துவிட்டு, "நாங்கள் சும்மா இருக்கவில்லையே" என்று கேட்பவர்களை எங்கள் தொழிலில் அடிக்கடி பார்க்கிறோம். அவர்கள் சொல்வது உண்மைதான். அந்த உண்மைக்குச் சட்டத்தில் இடம் இல்லை என்று சொல்ல வேண்டிவருகிறது, ஒவ்வொரு தடவையும் மனது கஷ்டப்படத்தான் செய்கிறது.

அப்படியானால் அப்பாவின் 2017 மனு எதற்கு உதவும்? சுவரை இடிக்கச் சொல்லிக் கேட்கும்போது உதவும். கட்டும்போது பார்த்துக்கொண்டு சும்மா இருந்துவிட்டு, கட்டி முடித்தபின் இடி என்றால் நீதிமன்றம் தயங்கும். தனி நிவாரணச் சட்டம் பிரிவு 41ல் இது வெளிப்படையாகவே இருக்கிறது: வாதி இசைந்துபோன தொடர்மீறலைத் தடுக்க உறுத்துக் கட்டளை (தடையுத்தரவு) கிடையாது. நீங்கள் இசைந்து போகவில்லை என்பதற்கு அப்பாவின் கையெழுத்தும் அலுவலக முத்திரையும் உள்ள அந்த மனுதான் சாட்சி. அதன் நகல் உங்களிடம் இல்லையென்றால் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் கேட்டு வாங்குங்கள். ஆனால் அது வந்து சேரும் வரை வழக்கை நிறுத்தி வைக்காதீர்கள், பின்னால் சேர்த்துக்கொள்ளலாம்.

மேனேஜரின் பேச்சுக்கும் இதுதான் பதில். பேசுவதில் தவறில்லை. பேச்சு நடந்ததால் காலம் நீளாது. எதிராளி உங்கள் உரிமையை ஒப்புக்கொண்டு எழுதிக் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தால், அதுவும் கெடு முடியும் முன்பே கொடுத்தால், அந்த நாளிலிருந்து புதிதாகக் காலம் தொடங்கும் என்று காலவரையறைச் சட்டம் பிரிவு 18 சொல்கிறது. 'கேஸ் வேண்டாம்' என்று திரும்பத் திரும்பச் சொல்கிறவர் இதுவரை ஒரு வரி எழுதிக் கொடுத்தாரா என்று யோசித்துப் பாருங்கள். அவர் வாட்ஸ்அப்பில் அனுப்பியதையெல்லாம் அழிக்காமல் வையுங்கள். கைபேசியை மாற்ற வேண்டாம். மின்னணுச் சான்றை நீதிமன்றத்தில் வைக்க பாரதிய சாக்ஷ்ய அதினியம் (புதிய சாட்சியச் சட்டம்) பிரிவு 63ன்படி சான்றிதழ் தேவைப்படும், அதை உங்கள் வழக்கறிஞர் தயார்செய்வார். அந்தச் செய்திகளை மட்டும் நம்பிக் கெடுவைத் தள்ளிப்போடாதீர்கள்.

அப்பா உள்ளே விட்டதை மறைக்கவே மறைக்காதீர்கள்

உங்கள் கடிதத்தில் எனக்கு மிகவும் நம்பிக்கை தந்த வரி, நீங்கள் வெட்கப்பட்டு எழுதிய வரிதான். அப்பா ஏமாந்து போனார், அதைச் சொன்னால் வழக்குக் கெட்டுவிடும் என்று நினைக்கிறீர்கள். உண்மை நேர் எதிர்.

எதிரிடை அனுபவம் என்றால் உரிமையாளரின் உரிமையை மறுத்து, அவருக்குத் தெரியும்படி, வெளிப்படையாக, இடைவிடாமல் அனுபவிப்பது. உரிமையாளர் அனுமதித்து ஒருவர் அனுபவித்தால், அது எத்தனை வருடம் ஆனாலும் எதிரிடை ஆகாது. மாதம் 2,000 ரூபாய் கொடுத்து இருப்பவர், வாங்குகிறவரின் உரிமையை மறுக்கவில்லை, ஒப்புக்கொள்கிறார். ஆகவே பணம் வந்த காலம் முழுக்க, அதாவது 2014 செப்டம்பரிலிருந்து 2016 மார்ச் வரை, அவர்கள் அங்கே இருந்தது உங்கள் அப்பாவின் தயவில். எதிரிடையாக மாறியது பணம் நின்ற பிறகோ, 2017ல் சுவர் எழுப்பியபோதோதான் என்று வாதாடலாம். அப்படியென்றால் கெடு 2028 அல்லது 2029 வரை நீளும்.

எனவே அப்பாவின் வங்கிப் பாஸ்புத்தகத்தைத் தேடுங்கள். பழைய பாஸ்புத்தகம் பரணில், இரும்புப் பெட்டியில், கொட்டகையின் ரசீதுக் கட்டுக்குள் எங்காவது இருக்கும். ஒவ்வொரு மாதமும் 2,000 வரவு, பக்கத்தில் கம்பெனியின் பெயர் அல்லது காசோலை எண். மங்கிய மையில் அச்சான அந்தப் பதினெட்டு இருபது வரிகள் இந்த வழக்கில் உங்கள் பத்திரத்துக்கு அடுத்த முக்கியமான ஆவணம். கிடைக்கவில்லையென்றால் இறந்தவரின் வாரிசு என்ற முறையில் வங்கியில் கணக்கு அறிக்கை கேட்டு விண்ணப்பியுங்கள். பழைய பதிவுகளை வங்கிகள் எல்லாக் காலத்துக்கும் வைத்திருப்பதில்லை, இதிலும் தாமதம் வேண்டாம்.

இதில் ஒரு முள்ளும் இருக்கிறது. கம்பெனி திருப்பி இப்படிக் கேட்கலாம்: "சரி, அனுமதிதான். அந்த அனுமதியை நம்பிச் செலவு செய்து நிரந்தரக் கட்டுமானம் கட்டிவிட்டோம். இனி அனுமதியை ரத்து செய்ய முடியாது." 1882ஆம் ஆண்டின் ஈஸ்மெண்ட் சட்டம் (நில அனுபவ உரிமைகள் பற்றியது) பிரிவு 60ல் இப்படி ஒரு வழி உண்மையிலேயே இருக்கிறது. பதில் என்னவென்றால், அப்பா அனுமதித்தது கம்பியும் ஜல்லியும் வைக்க, அதுவும் வேலை முடியும் வரை. சுவர் கட்ட அனுமதிக்கவில்லை. அனுமதித்ததற்கு வெளியே செய்த வேலைக்கு அந்தப் பிரிவின் பாதுகாப்பு கேட்க முடியாது. சுவர் எழும்பியதும் அவர் மனு கொடுத்தது இங்கேயும் உங்களுக்குக் கைகொடுக்கும். அந்தப் பேச்சு நடந்தபோது கூட இருந்தவர்கள், கொட்டகையில் வேலை செய்த ஆட்கள், பக்கத்துக் குப்பத்துப் பெரியவர்கள் யாராவது இருந்தால், யார் யார் என்று இப்போதே குறித்துவையுங்கள்.

சரி, 2028 வரை நேரம் இருக்கிறதே என்று ஆற அமர உட்கார்ந்துவிட வேண்டாம். பணம் வந்தது நிரூபணமாகாவிட்டால் கம்பெனி 2014 வேலியிலிருந்துதான் கணக்கிடும். காலக்கெடு விஷயத்தில் உங்களுக்குச் சாதகமான தேதியை வைத்து வாதாடுங்கள். வழக்குத் தாக்கல் செய்யும் நாளை மட்டும் உங்களுக்கு மிகப் பாதகமான தேதியை வைத்து முடிவு செய்யுங்கள். கொரோனா காலத்தில், 15.03.2020 முதல் 28.02.2022 வரையுள்ள நாட்களைக் காலக்கெடுவில் சேர்க்க வேண்டாம் என்று உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டிருக்கிறது. ஏறத்தாழ இரண்டு வருடம் அது உங்கள் பக்கம் பேசும். அதையும் கைவசம் வைத்துக்கொள்ளுங்கள், ஆனால் அதை நம்பி நாளைத் தள்ளாதீர்கள். கடைசி நாள் கோர்ட் விடுமுறையில் விழுந்தால் திறக்கும் நாளில் தாக்கல் செய்யலாம் என்ற சலுகையும் இருக்கிறது, அதுவும் இப்படித்தான்.

கேள்விப்பட்ட மற்ற நம்பிக்கைகள்

'தொடர் தவறு, தினமும் புதிதாகக் காலம் தொடங்கும்' என்று யாரோ சொன்னதாக எழுதியிருக்கிறீர்கள். காலவரையறைச் சட்டம் பிரிவு 22ல் அப்படி ஒன்று உண்டு. ஆனால் இடத்திலிருந்து முழுதாக வெளியேற்றிவிட்டால், அந்தத் தவறு அன்றே முடிந்துபோகிறது, அதன் விளைவுதான் தொடர்கிறது, இதைத் தொடர் தவறு என்று சொல்ல முடியாது என்பது 1959லேயே உச்ச நீதிமன்றம் காட்டிய வேறுபாடு. சுவருக்குள் போன 5 சென்ட்டுக்கு இந்த வாதம் நிற்காது.

அண்ணன் வெளிநாட்டில் இருப்பது கணக்கில் வராது. இந்தியாவுக்கு வெளியே இருந்த காலம் கழிவது எதிர்வாதிக்குத்தான், வழக்குப் போடுகிறவருக்கு அல்ல. தங்கை அப்போது மைனர் என்பதும் உதவாது. காலம் அப்பா உயிரோடு இருக்கும்போதே ஓடத் தொடங்கிவிட்டது. ஒருமுறை ஓடத் தொடங்கினால் அப்புறம் வாரிசின் வயதுக்காக நிற்காது. அண்ணன் ஊருக்கு வரும்வரை காத்திருக்கவும் வேண்டாம். ஆக்கிரமித்த மூன்றாம் நபர்மீது ஒரு பங்குதாரர் எல்லாப் பங்குதாரர்களுக்காகவும் வழக்குப் போடலாம். வாரிசுச் சான்று மட்டும் கையில் இருக்கட்டும்.

உச்ச நீதிமன்றம் தாமதம் தடையல்ல என்று தீர்ப்பளித்ததாக நீங்கள் படித்த செய்தி, 2020ல் வந்த வித்யா தேவி வழக்கு. இமாச்சலப் பிரதேசத்தில் 1967-68ல் சாலைக்காக ஒரு பெண்ணின் நிலத்தை அரசு கையகப்படுத்தாமலே எடுத்துக்கொண்டது. குடிமக்களின் நிலத்தில் அரசு எதிரிடை அனுபவம் கோர முடியாது, தாமதத்தைக் காட்டி இழப்பீட்டை மறுக்க முடியாது என்று நீதிமன்றம் சொன்னது. துறைமுகம், அனல்மின் நிலையம், சாலை என்று அரசுத் திட்டங்கள் நிறைந்த நம் வடசென்னைக்கு மிகவும் தேவையான தீர்ப்பு அது. ஆனால் எதிராளி அரசாக இருந்தால்தான் பொருந்தும். அதிலும் எல்லோருக்கும் கதவு திறந்திருக்கிறது என்று எடுத்துக்கொள்ளக் கூடாது. 1995ல் திகம்பர் வழக்கில், மகாராஷ்டிரத்தில் வறட்சி நிவாரண வேலைக்கு நிலம் போனதாக இருபது வருடம் கழித்து வந்தவருக்கு அதே உச்ச நீதிமன்றம் நிவாரணம் மறுத்திருக்கிறது. உங்கள் எதிராளி தனியார் கம்பெனி. உங்களுக்கு 65வது இனம்தான்.

போனது 5 சென்ட் மட்டும் அல்ல

ஆற்றோரத்தில் நிலம் வைத்திருப்பவருக்கு, பத்திரத்தில் எழுதாமலே சில உரிமைகள் உண்டு. ஈஸ்மெண்ட் சட்டம் பிரிவு 7ன் விளக்கங்களில் அவை இருக்கின்றன. இயற்கையான நீரோட்டம் தடையில்லாமல், பெரிதாக மாற்றப்படாமல் தன் நிலத்தை ஒட்டி வருவது, அந்த நீரைப் புழங்குவது போன்றவை. நீர் ஓடும் பக்கம் நிலம் தொடும்வரைதான் இந்த உரிமை. பக்கிங்காம் கால்வாய் ஓரத்தில் நிலம் வைத்திருப்பவர்களும் என்னிடம் இதைக் கேட்பதுண்டு. அது வெட்டிய கால்வாய், அங்கே இதே அளவுகோல் அப்படியே பொருந்தாது. கொசஸ்தலை இயற்கை ஆறு, உங்களுக்குப் பொருந்தும்.

ஆகவே அந்த 5 சென்ட் கையைவிட்டுப் போனால் மிச்சமுள்ள 17 சென்ட் ஆற்றங்கரை நிலமே இல்லை. கொட்டகை நிற்கும், படகு ஏறாது. கம்பெனி நஷ்டஈடு பேச வரும்போது 5 சென்ட்டின் விலையைச் சொல்லும். நீங்கள் இழப்பது கொட்டகையின் பிழைப்பு. பிராதில் இந்த இழப்பையும், 2017லிருந்து படகு ஏற்ற முடியாமல் போனதையும் தெளிவாக எழுதச் சொல்லுங்கள்.

இங்கேதான் சர்வே முக்கியமாகிறது. தமிழ்நாடு நில ஆக்கிரமிப்புச் சட்டம் 1905ன்படி ஆற்றுப் படுகையும், உயர் அலைக்கோட்டுக்குக் கீழே உள்ள கழிமுகப் படுகையும் அரசுச் சொத்து. எண்ணூர் கழிமுகம் அலை ஏறி இறங்கும் இடம். அனல்மின் நிலையச் சாம்பல் படிந்து ஆற்றின் ஆழமும் பல இடங்களில் குறைந்துவிட்டது. 1989ல் அப்பா பார்த்த கரையும் இன்றைய கரையும் ஒன்றாக இருக்க வேண்டியதில்லை. அந்த 5 சென்ட்டில் ஒரு பகுதி ஆற்றுப் புறம்போக்காக இருந்தால், அதை உங்களுடையது என்று கேட்டு வழக்குப் போட்டால் அந்த ஒரு பிழையே முழு வழக்கையும் பலவீனமாக்கும். புல வரைபடத்தை வைத்து, அனுபவமுள்ள சர்வேயர் ஒருவரைக் கொண்டு கிரையப் பத்திரத்தின் நான்கெல்லையோடு அளந்து பாருங்கள். வழக்குப் போட்டபின் நீதிமன்றமே வழக்கறிஞர் ஆணையரை அனுப்பி அளக்க உத்தரவிடலாம்.

இப்போது அந்தக் கிராவல். சுவர் பழைய விஷயம், கிராவல் புதிய விஷயம். இரண்டையும் ஒரே மூட்டையாகக் கட்டாதீர்கள். சுற்றுச்சூழல் வழக்குகளை விசாரிக்கும் தேசியப் பசுமைத் தீர்ப்பாயத்தில் போட்டால் சுவரை உடனே இடிப்பார்கள் என்று சொன்னார்களாமே, அங்கேயும் கெடு உண்டு. அந்தத் தீர்ப்பாயத்துக்கான சட்டத்தின் பிரிவு 14ன்படி விண்ணப்பம் ஆறு மாதத்துக்குள், இழப்பீடும் சூழல் மீட்பும் கேட்டால் பிரிவு 15ன்படி ஐந்து வருடத்துக்குள். இரண்டுக்குமே கூடுதலாக 60 நாள்தான் நீட்டிப்பு. 2017ல் கட்டிய சுவருக்கு இரண்டுமே போய்விட்டன. ஆனால் போன மழைக்காலத்தில் ஆற்றுக்குள் மண் கொட்டியது தனிச் சம்பவம், அதற்குத் தனிக் கெடு. கொட்டிய நாள், லாரி, கரையின் பழைய நிலையும் புதிய நிலையும் தெரியும் படங்கள் இருந்தால் பொதுப்பணித்துறை, நீர்வளத்துறை, ஆட்சியர், கடலோர மண்டல ஆணையம் ஆகியோருக்கு உடனே புகார் கொடுத்து, சென்னையில் உள்ள தென்மண்டல அமர்வில் என்ன கேட்கலாம் என்று சுற்றுச்சூழல் வழக்குகள் நடத்தும் வழக்கறிஞரிடம் ஆலோசியுங்கள். இதில் குப்பத்து மீனவர்களும் பாதிக்கப்படுகிறார்கள். அவர்கள் சங்கமும் சேர்ந்து வந்தால் நல்லது. ஆனால் அந்த விண்ணப்பத்தால் உங்கள் 5 சென்ட் திரும்பாது. அதற்கு உரிமையியல் நீதிமன்றம்தான்.

வழக்கை எப்படி அமைப்பது

வெறும் தடையுத்தரவு கேட்டு வழக்குப் போடுவது மலிவு என்று சிலர் சொல்வார்கள். சுவாதீனம் உங்களிடம் இல்லாதபோது அது நிற்காது. உரிமை உங்களுடையது என்று விளம்புகை (நீதிமன்றத்தின் அறிவிப்பு), சுவாதீன மீட்பு, சுவரை அகற்றச் செயலுறுத்துக் கட்டளை, இனி இடைஞ்சல் செய்யாதிருக்க நிரந்தர உறுத்துக் கட்டளை, அனுபவித்த காலத்துக்கு இழப்பீடு, இவற்றைச் சேர்த்தே கேளுங்கள். விளம்புகைக்குத் தனியாக மூன்று வருடக் கெடு உண்டு. இதைக் காட்டிக் கம்பெனி உங்கள் வழக்கைத் தள்ளச் சொல்லும். உரிமையின் அடிப்படையில் சுவாதீனம் கேட்கும் வழக்கில் விளம்புகையும் சேர்த்துக் கேட்டாலும் பன்னிரண்டு வருடக் கெடுதான் என்று சோபன்ராவ் வழக்கில் 2019ல் உச்ச நீதிமன்றம் சொன்னதை உங்கள் வழக்கறிஞர் அறிவார். வழக்கின் மையம் சுவாதீன மீட்பாக இருக்கும்படி பிராது அமைய வேண்டும் என்பதை மட்டும் அவரிடம் பேசி உறுதி செய்யுங்கள்.

நிரூபிக்க வேண்டியது யார்? பத்திரம் உங்களுடையது என்று நீங்கள் காட்டினால் போதும். எதிரிடையாகப் பன்னிரண்டு வருடம் அனுபவித்தோம் என்பதை, எந்தத் தேதியிலிருந்து, எப்படி என்று கம்பெனிதான் நிரூபிக்க வேண்டும். நேரத்தில் வருகிறவருக்குச் சட்டம் தரும் பெரிய பலம் இது.

தனியார் கம்பெனிமீது வழக்குப் போட முன்னறிவிப்பு கட்டாயம் இல்லை. நோட்டீஸ் அனுப்புவதானால் ஒன்று போதும், பதிலுக்காக மாதக்கணக்கில் காத்திருக்க வேண்டாம். புறம்போக்குப் பகுதி இருப்பதால் அரசையும் எதிர்வாதியாகச் சேர்க்க வேண்டியிருந்தால், உரிமையியல் நடைமுறைச் சட்டம் பிரிவு 80ன்படி இரண்டு மாத நோட்டீஸ் தேவை. அவசரம் என்றால் நீதிமன்ற அனுமதி பெற்று நோட்டீஸ் இல்லாமலும் போடலாம்.

செலவைப் பற்றித் தயங்குகிறீர்கள் என்று தெரிகிறது. நீதிமன்றக் கட்டணம் நிலத்தின் சந்தை மதிப்பின்மேல் கணக்கிடப்படும். ஆற்றோர நிலம் என்பதால் சின்னத் தொகையாக இருக்காது. உங்கள் தங்கை ஒரு வாதியாகச் சேர்ந்தால் ஒரு வழி உண்டு. சட்டப் பணிகள் ஆணையச் சட்டம் 1987, பிரிவு 12ன்படி பெண்களுக்கு வருமானம் எவ்வளவாக இருந்தாலும் இலவச சட்ட உதவி உண்டு. பட்டியல் சாதியினர், பழங்குடியினருக்கும் அப்படியே. மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழு அலுவலகத்தில் அவரே நேரில் போய் விண்ணப்பிக்கட்டும்.

கொட்டகை ஆட்களைச் சேர்த்துக்கொண்டு சுவரில் ஒரு பகுதியை இடித்துவிடலாமா என்றும் கடிதத்தின் ஓரத்தில் எழுதியிருக்கிறீர்கள். கோபம் புரிகிறது. தயவுசெய்து செய்யாதீர்கள். குற்ற வழக்கு உங்கள் மேல் திரும்பும், உரிமையியல் வழக்கிலும் நீங்கள் சட்டத்தைக் கையில் எடுத்தவராகத் தெரிவீர்கள்.

வழக்குக்கு எண் விழுந்த பிறகு மேனேஜர் மறுபடி பேச வருவார், பெரும்பாலும் வருவார்கள். அப்போது தாராளமாகப் பேசுங்கள், நீதிமன்றத்தின் சமரச மையத்திலோ மக்கள் நீதிமன்றத்திலோ உட்கார்ந்து பேசுங்கள். படகு ஏற்றும் அளவுக்கு ஒரு வழியையாவது விட்டு எல்லையைச் சரி செய்துகொள்ளலாம் என்று அவர்கள் இறங்கி வந்தால், அதை அளவுகளோடும் வரைபடத்தோடும் எழுதி, அண்ணன், தங்கை உட்பட எல்லோரும் கையெழுத்திட்டு, நீதிமன்றத்தில் தாக்கல் செய்து சமரசத் தீர்ப்பாணையாகப் பெற்றுக்கொள்ளுங்கள். அப்படி முடியும் வழக்கில் கட்டிய நீதிமன்றக் கட்டணத்தைத் திரும்பப் பெறவும் வழி இருக்கிறது. அதுவரை பத்திரம், பாஸ்புத்தகம், 2017 மனுவின் நகல் மூன்றையும் ஒரு உறையில் போட்டு வழக்கறிஞரிடம் கொண்டு போங்கள்.